குக்குருக்குக்கூ பலோமா: ஒரு மெக்சிகோ பாட்டு, பல குரல்கள் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

இந்தப் பாட்டை யாருக்காவது அனுப்பிவைத்தால் இரண்டு நாளில் கேள்விகள் வந்துவிடும். இதில் அழுவது யார், முதலில் பாடியது யார், நீ அனுப்பியது ஒன்று, நான் யூடியூபில் கேட்டது வேறொன்றாக இருக்கிறதே என்று. திரும்பத் திரும்ப வந்த கேள்விகளையும் நான் சொன்ன பதில்களையும் இங்கே ஒன்றாக வைக்கிறேன். பல வருடங்களாக என்னோடு இருக்கும் பாட்டு என்பதால் சில பதில்கள் நீண்டுவிட்டன.

இது என்ன பாட்டு? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

1954இல் டோமாஸ் மெண்டெஸ் என்ற மெக்சிகோக்காரர் எழுதி மெட்டமைத்த ரான்சேரா பாட்டு, அதாவது மெக்சிகோ கிராமத்துப் பாணிப் பாட்டு. லோலா பெல்ட்ரான் என்ற பாடகியின் குரலில் மெக்சிகோ முழுக்கப் பரவியது. பிறகு அமெரிக்கா, ஸ்பெயின், இத்தாலி, பிரேசில் என்று பல நாட்டுக்காரர்கள் பாடினார்கள். உலக சினிமா பார்க்கும் பழக்கம் உள்ளவர்கள் பெரும்பாலும் பிரேசில் பாடகர் கயெட்டானோ வெலோசோவின் குரலில்தான் இதை முதலில் கேட்டிருப்பார்கள்.

தலைப்புக்கு என்ன பொருள்? எப்படி உச்சரிப்பது?

ஸ்பானிய மொழியில் 'பலோமா' என்றால் புறா. 'குக்குருக்குக்கூ' என்பது அது எழுப்பும் ஒலி. மரபுச்சொல் மனப்பாடம் செய்த நமக்கு மயில் அகவும், குயில் கூவும், புறா குனுகும் என்று தெரியும். அந்தக் குனுகலை அப்படியே எழுத்தாக்கியதுதான் தலைப்பு.

தமிழில் 'குகுருகுகு' என்று எழுதினால் நடுவில் வரும் ககரங்களை நாம் மெலிதாக வாசித்துவிடுவோம். ஸ்பானிய மொழியில் அவை 'பக்கம்' என்பதில் வரும் க் போல வல்லினமாகவே ஒலிக்கும். அதனால்தான் ஒற்று சேர்த்து எழுதியிருக்கிறேன். நடுவில் வரும் 'ரு' நாக்கு நுனி உருள வேண்டிய ஒலி. அழுத்தம் கடைசிக் 'கூ'வில் விழும். பாடகர்களின் திறமையெல்லாம் தெரியப்போவது அந்தக் கடைசி 'கூ'வில்தான்.

பாட்டில் என்ன நடக்கிறது? யார் அழுகிறார்கள்?

ஒருவன் இரவெல்லாம் அழுதானாம். சாப்பிடவே இல்லையாம், குடித்துக்கொண்டே இருந்தானாம். அவன் அழுகையைக் கேட்டு வானமே நடுங்கியதாம். அவளுக்காக அப்படித் துடித்தவன் சாகும்போதும் அவள் பெயரைச் சொல்லித்தான் கூப்பிட்டானாம். இப்போது ஒரு சோகப் புறா விடியற்காலையில் வந்து, கதவுகள் விரியத் திறந்து கிடக்கும் அந்தத் தனி வீட்டைப் பார்த்துப் பாடுகிறதாம். அது வேறொன்றுமில்லை, அவனுடைய உயிர்தானாம். அவள் திரும்பி வருவாள் என்று இன்னும் காத்திருக்கிறதாம்.

'ஆம்' என்ற இந்த ஒட்டை நானாகச் சேர்க்கவில்லை. மூலத்திலேயே இருக்கிறது. பாட்டின் முதல் சொல்லே 'டீசென்', அதாவது 'சொல்கிறார்கள்'. பாடுபவர் எதையும் கண்ணால் பார்த்தவர் இல்லை. ஊரார் பேசிக்கொண்டதை நமக்குச் சொல்கிறார். ஆங்கிலத்தில் இதை மொழிபெயர்த்தால் ஒவ்வொரு வரியிலும் 'அவர்கள் சொல்கிறார்கள்' என்று போட வேண்டும், வரி கனத்துவிடும். தமிழில் 'அழுதானாம்' என்ற ஒரு சொல்லிலேயே திண்ணையும் பேசுபவர்களும் கேட்பவர்களும் வந்துவிடுகிறார்கள்.

இன்னொன்றையும் கவனியுங்கள். அழுதது, சாப்பிடாதது, குடித்தது எல்லாம் எங்கும் நடப்பவை. அவற்றுக்கு ஊரார் 'சொல்கிறார்கள்' என்பதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். வானம் நடுங்கியதற்கும் புறாதான் அவன் உயிர் என்பதற்கும் மட்டும் 'ஹூரான்', அதாவது 'சத்தியம் செய்கிறார்கள்' என்ற சொல் வருகிறது. நம்ப முடியாத இரண்டு இடங்களில்தான் சத்தியம். இதை முதன்முதலில் கவனித்த அன்று பாட்டை நிறுத்திவிட்டு முதலிலிருந்து மறுபடி போட்டேன்.

கடைசியில்தான் புறாவிடம் நேராகப் பேச்சு வருகிறது. அழாதே, புறாவே, கற்களுக்குக் காதலைப் பற்றி என்ன தெரியும் என்று. அதுவரை ஊர்க்கதை சொல்லிக்கொண்டிருந்தவர் இந்த இடத்தில் கதைக்கு உள்ளேயே வந்து புறாவின் பக்கத்தில் நிற்கிறார்.

அந்தப் பெண் எங்கே போனாள்? செத்துவிட்டாளா, விட்டுப் போய்விட்டாளா?

பாட்டு சொல்லவில்லை. ஆனால் அவளைக் குறிக்கும் சொல் ஒன்று இருக்கிறது: 'தெஸ்திச்சாதா'. பாவம் செய்தவள் என்றோ கொடியவள் என்றோ அதற்குப் பொருள் இல்லை. கொடுத்துவைக்காதவள், பாக்கியமற்றவள் என்று அர்த்தம். கைவிட்டுப் போனவளை வசைபாடும் ரான்சேராக்கள் ஏராளம். இங்கே ஊரார் அவளுக்காகவும் பரிதாபப்படுகிறார்கள்.

'கற்கள்' என்பதையும் இரண்டு விதமாகக் கேட்கலாம். கல்நெஞ்சக்காரியான அவளைச் சொல்வதாக எடுத்துக்கொள்ளலாம். ஆளில்லாத அந்த வீட்டின் கற்களாகவும் எடுத்துக்கொள்ளலாம். எனக்கு இரண்டாவதே பிடிக்கும். புறா அந்த வீட்டைப் பார்த்துத்தானே பாடுகிறது.

டோமாஸ் மெண்டெஸ் யார்?

மெக்சிகோவின் சகடேகாஸ் மாநிலத்தில் ஃப்ரெஸ்னீயோ என்று ஓர் ஊர் இருக்கிறது. வெள்ளிச் சுரங்கங்களுக்குப் பேர்போன இடம். அங்கே பிறந்தவர் மெண்டெஸ். 1995இல் காலமானார். ரான்சேரா எழுதியவர்கள் என்றதும் எல்லோரும் ஹோசே அல்ஃப்ரெதோ ஹிமெனெஸைத்தான் சொல்வார்கள், அது நியாயமும்கூட. மெண்டெஸின் பெயர் அந்த அளவுக்கு வெளியே தெரியாது. ஆனால் அவருடைய பாட்டுகள் தெரியும்.

பறவைகள் மேல் அவருக்கு ஒரு பிரியம். இந்தப் புறா ஒன்று. 'பலோமா நேக்ரா' என்ற கருப்புப் புறா இன்னொன்று. 'கொரியோன்சியோ பெச்சோ அமரீயோ' மஞ்சள் மார்புச் சிட்டைப் பற்றியது. தகைவிலான் குருவிக்கும் ஒரு பாட்டு எழுதியிருக்கிறார். மனிதன் நேராகச் சொல்ல முடியாமல் தவிப்பதையெல்லாம் ஒரு பறவையிடம் கொடுத்துவிடுவது அவர் வழி.

ரான்சேரா என்றால் என்ன?

ரான்ச்சோ என்றால் கிராமத்துப் பண்ணை. அந்தப் பண்ணை வாழ்க்கையிலிருந்து வந்த பாட்டு ரான்சேரா. 1910இல் தொடங்கிய மெக்சிகோ புரட்சிக்குப் பிறகு, கிராமத்தை விட்டு நகரத்துக்கு வந்து குவிந்த மக்களுக்கு ஊர் நினைப்பைக் கொடுத்த இசை இது. வானொலியும் சினிமாவும் அதை நாடெங்கும் கொண்டுபோயின. காதல், பிரிவு, குடி, வீம்பு, மண் இவைதான் பொருள்கள்.

பக்கத்தில் மரியாச்சி குழு நிற்கும். வயலின்கள், ட்ரம்பெட்டுகள், கித்தார், விகுவேலா என்ற ஐந்து தந்தி வாத்தியம், கித்தாரோன் என்ற பெரிய வயிறுள்ள ஆறு தந்தி வாத்தியம். மரியாச்சி இசையை யுனெஸ்கோ 2011இல் மனிதகுலத்தின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது.

இது ரான்சேரா இல்லை, வாபாங்கோ என்று ஒருவர் திருத்தினார். எது சரி?

இரண்டும் சரி. ரான்சேரா என்பது பாட்டின் குடும்பம். அந்தக் குடும்பத்துக்குள் பல தாளங்கள் உண்டு. சிலது போல்கா நடையில் வரும், சிலது வால்ட்ஸ், சிலது பொலேரோ. இந்தப் பாட்டின் நடை வாபாங்கோ. மெக்சிகோவின் வடகிழக்கில் உள்ள வாஸ்தேகா பகுதியிலிருந்து வந்தது. அங்கே வயலின் ஒன்றும் கித்தார் இனத்து வாத்தியங்கள் இரண்டுமாக மூன்று பேர் வாசிப்பார்கள். பிறகு மரியாச்சி குழுக்கள் அதை எடுத்துக்கொண்டு ட்ரம்பெட் சேர்த்துப் பெரிதாக்கின.

தாளத்தை நம் வழியில் சொன்னால் எளிது. ஆறு அட்சரம். அதைத் 'தகிட தகிட' என்று இரண்டு மூன்றாகவும் எண்ணலாம், 'தக தக தக' என்று மூன்று இரண்டாகவும் எண்ணலாம். வாபாங்கோவில் இரண்டும் ஒரே நேரத்தில் ஓடும். இடது கையால் தொடையில் முதல் கணக்கையும் வலது கையால் இரண்டாவது கணக்கையும் தட்டிப் பாருங்கள். முதல் அட்சரத்தில் மட்டும் இரண்டு கையும் சேரும், அப்புறம் பிரிந்துவிடும். எனக்குக் கை பழக மூன்று நாள் ஆனது. பழகிய பிறகு பாட்டு கேட்பதே மாறிவிட்டது. மேலே குரல் மிக நிதானமாக நீண்டுகொண்டிருக்கும்போது அடியில் கித்தார்கள் ஓயாமல் தத்தளிப்பது அப்போதுதான் காதில் விழுந்தது.

நடுவில் குரல் திடீரென்று உடைந்து மேலே போகிறதே, அது என்ன?

நம் பாட்டு வாத்தியார்கள் 'கள்ளத்தொண்டை' என்று கண்டிப்பார்களே, அதேதான். வாஸ்தேகா மரபில் அது குற்றமில்லை, அழகு. நெஞ்சுக் குரலில் போய்க்கொண்டிருப்பவர் சட்டென்று கள்ளக்குரலுக்குத் தாவுவார். தாவும் இடத்தில் கேட்கும் அந்தச் சின்ன முறிவை மறைக்க மாட்டார்கள், கேட்கும்படி விடுவார்கள். விம்மும்போது நம் எல்லோர் குரலும் உடைவது அதே இடத்தில்தான்.

இதில் கைதேர்ந்தவர் மிகேல் அசேவெஸ் மெஹியா. 'கள்ளக்குரலின் அரசன்' என்றே மெக்சிகோவில் அவருக்குப் பட்டம். அவரும் இந்தப் பாட்டைப் பதிவு செய்திருக்கிறார். குரல் முறியும் இடத்தை மட்டும் படிக்க வேண்டும் என்றால் அவர் பதிவை எடுத்துக்கொள்ளுங்கள்.

லோலா பெல்ட்ரான் பாடியதில் அப்படி என்ன இருக்கிறது?

மெக்சிகோவின் மேற்குக் கரையில் சினலோவா மாநிலத்து எல் ரொசாரியோ என்ற சிற்றூரில் பிறந்தவர். தலைநகருக்கு வந்து எக்ஸ்இடபிள்யூ வானொலி நிலையத்தில் காரியதரிசியாக வேலை பார்த்தார். நாட்டின் பெரிய பாடகர்கள் எல்லோரும் வந்துபோகும் இடம் அது. அங்கிருந்துதான் பாட வந்தார். பிறகு மக்கள் அவரை 'லோலா லா கிராந்தே', பெரிய லோலா, என்று அழைத்தார்கள். 1996இல் இறந்தபோது நாட்டின் உயர்ந்த கலை மாளிகையான பெயாஸ் ஆர்தெஸில் அவருக்கு அஞ்சலி நடந்தது.

அவர் குரலில் கூச்சம் கிடையாது. 'ஆய் ஆய் ஆய்' என்று வரும் இடத்தில் ஒவ்வொரு ஆயும் முந்தையதை விடத் தளர்ந்து இறங்கும். பிறகு 'பாடினான்' என்று ஒரு வீச்சு, 'முனகினான்' என்று ஒரு தாழ்வு, மறுபடி 'பாடினான்'. புறாவின் 'கூ'வை அவர் நீட்டும்போது வயலின்கள் காத்திருக்கும். நீட்சி முடிந்துவிட்டது என்று நாம் நினைக்கும் இடத்தில் முடியாது. சாவு வீட்டு வாசலில் நின்று ஊருக்கே கேட்கும்படி சொல்லும் குரல் அது. ஊரார் சொல்வதாகத்தானே பாட்டு ஆரம்பிக்கிறது, அந்த ஊரே அவர் தொண்டையில் இருக்கிறது.

பெத்ரோ இன்ஃபாண்டே பாடியது சினிமாவிலா?

ஆம். 1955இல் வெளிவந்த 'எஸ்குவேலா தே வகபுந்தோஸ்' என்ற நகைச்சுவைப் படம். நாடோடி என்று தவறாக நினைத்துப் பணக்கார வீட்டில் சேர்த்துக்கொள்ளப்படும் இசையமைப்பாளராக வருவார். இன்ஃபாண்டே அந்தக் காலத்து மெக்சிகோவின் பெரிய நாயகன். பாடவும் செய்வார், நடிக்கவும் செய்வார். 1957 ஏப்ரலில் மெரிடா நகரில் விமான விபத்தில் இறந்தார். தானே விமானம் ஓட்டுவதில் ஆசை கொண்டவர். நாடே அழுதது.

அவர் பாடும்போது சோகம் லோலா அளவுக்கு இருக்காது. இளகிய, கொஞ்சும் குரல். அவருடைய புறா அவ்வளவாக அழுவதில்லை. இந்தப் பாட்டை மெக்சிகோக்காரர்கள் வீட்டு விசேஷத்திலும் சிரித்துக்கொண்டே பாடுவார்கள் என்பதைப் புரிந்துகொள்ள இந்தப் பதிவு உதவும்.

அமெரிக்காவுக்கு எப்படிப் போனது?

முக்கியமாக ஹாரி பெலஃபோன்டே மூலம். கரீபியன் வேர் கொண்ட நியூயார்க்காரர். 1950களின் நடுவில் கலிப்ஸோ என்ற கரீபியன் பாட்டுகளால் உச்சத்தில் இருந்தார். பல நாட்டுப் பாட்டுகளை அந்தந்த மொழியிலேயே பாடுவது அவர் வழக்கம். 1957இல் ஸ்டூடியோவில் பதிவு செய்தார். 1959இல் கார்னெகி ஹாலில் பாடியது அவருடைய புகழ்பெற்ற நேரடி இசைத்தட்டில் இருக்கிறது. மரியாச்சியின் தடபுடல் இல்லாமல் கித்தாரோடு மெதுவாக ஆரம்பிப்பார். மொழி தெரியாத கூட்டத்தை ஒரு கதைக்குள் எப்படி இழுப்பது என்று தெரிந்த மனிதர். பின்னால் வந்த நிதானமான பாணிக்கெல்லாம் இது முன்னோடி என்று எனக்குத் தோன்றுகிறது.

1961இல் வந்த 'தி லாஸ்ட் சன்செட்' என்ற கௌபாய் படத்தில் நடிகர் கிர்க் டக்ளஸ்கூட இதைப் பாடியிருக்கிறார்.

அமெரிக்க நாட்டுப்புறப் பாடகி ஜோன் பயஸ் பாடியது வேறு சூழ்நிலையில். 1974இல் 'கிராசியாஸ் அ லா வீதா' என்று முழுக்க ஸ்பானிய மொழியை மையமாக வைத்து ஓர் இசைத்தட்டு வெளியிட்டார். அதற்கு முந்தைய வருடம்தான் சிலி நாட்டில் ராணுவம் ஆட்சியைப் பிடித்திருந்தது. அங்கே துன்பப்பட்ட மக்களை மனத்தில் வைத்து வந்த தட்டு அது. அந்தப் பாட்டுகளுக்கு நடுவே திறந்த கதவோடு கிடக்கும் வீடும், திரும்பி வராதவருக்காகக் காத்திருக்கும் புறாவும் வரும்போது, மெண்டெஸ் எழுதியபோது இல்லாத ஒரு கனம் ஏறிவிடுகிறது. ஒரு சொல்கூட மாறவில்லை.

ஆண் பாடும்போதும் பெண் பாடும்போதும் வரிகளை மாற்றுவார்களா?

பல ரான்சேராக்களில் மாற்ற வேண்டியிருக்கும், 'அவன்' என்பதை 'அவள்' ஆக்கி. இதில் தேவையே இல்லை. 'நான்' என்று ஒருவர் தன் காதலைச் சொல்லும் பாட்டு இல்லையே. லோலாவும் ஜோன் பயஸும் வெலோசோவும் ஒரே வரிகளைத்தான் பாடுகிறார்கள். இத்தனை விதமான பாடகர்கள் இதைத் தயங்காமல் எடுத்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

இத்தாலியப் பாட்டு ஒன்றிலும் இதே பல்லவி கேட்டேன். அதுவும் கவரா?

ஃப்ராங்கோ பத்தியாட்டோவின் 'குக்குருக்குக்கூ'வைத்தான் கேட்டிருப்பீர்கள். 1981இல் 'லா வோச்சே தெல் பத்ரோனே' என்ற இசைத்தட்டில் வந்தது. அதைக் கவர், அதாவது பிறர் பாட்டை மறுபடி பாடியது, என்று சொல்ல முடியாது. புறாவின் அழைப்பையும் 'ஆய் ஆய்' என்ற விளியையும் மட்டும் எடுத்துக்கொண்டு, தன் இளமைக்கால ஞாபகங்களை வைத்து முற்றிலும் வேறொரு துள்ளல் பாட்டைக் கட்டியிருக்கிறார். இத்தாலியில் பெரிய வெற்றி. மெண்டெஸின் கதை அதில் கிடையாது.

கயெட்டானோ வெலோசோ பாடியதை ஏன் எல்லோரும் தனியாகச் சொல்கிறார்கள்?

இதற்குக் கொஞ்சம் விவரமாகச் சொல்ல வேண்டும்.

வெலோசோ பிரேசிலின் பாகியா மாநிலத்துக்காரர். தாய்மொழி போர்த்துகீசியம். 1960களின் இறுதியில் ட்ரோபிகாலியா என்ற புதிய இசை இயக்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். அப்போதைய ராணுவ அரசு அவரைச் சிறையில் அடைத்தது. பிறகு லண்டனில் சில ஆண்டுகள் நாடு கடந்து வாழ்ந்தார். 1994இல் 'ஃபினா எஸ்தாம்பா' என்ற தட்டில், சிறுவயதில் வானொலியில் கேட்டு வளர்ந்த ஸ்பானிய மொழிப் பாட்டுகளைப் பாடினார். மறு வருடம் அதன் கச்சேரிப் பதிவு வந்தது. குக்குருக்குக்கூ பலோமா அந்தக் கச்சேரிப் பதிவில் இருக்கிறது.

ட்ரம்பெட் இல்லை. வாபாங்கோவின் தத்தளிப்பும் ஏறக்குறைய நின்றுவிட்டது. கித்தார், அதன் அடியில் ஜாக்கெஸ் மொரெலென்பாமின் செல்லோ, மேலே ஒரு மெல்லிய குரல். பிரேசிலின் போஸா நோவா மரபில் மைக்குக்கு அருகில் வந்து பேசுவதுபோலப் பாடுவார்கள். வெலோசோ அந்தப் பள்ளியில் வளர்ந்தவர். 'கூ' என்ற இடத்தில் அவரும் கள்ளக்குரலுக்குப் போகிறார், ஆனால் முறிவு கேட்பதே இல்லை. பனி இறங்குவது போல எப்போது மாறியது என்று தெரியாமல் மாறியிருக்கும்.

லோலா ஊருக்குச் சொன்னார் என்றேன். வெலோசோ ஊரை விட்டுவிட்டுப் புறாவிடம் போய்விட்டார். 'அழாதே' என்ற அந்தச் சொல்லை ஒரு பறவைக்குச் சொல்ல வேண்டுமென்றால் எவ்வளவு மெதுவாகச் சொல்ல வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். கொஞ்சம் சத்தம் போட்டாலும் பறந்துவிடும்.

எந்தெந்தப் படங்களில் வெலோசோவின் பதிவு வருகிறது?

மூன்று படங்களைச் சொல்வேன்.

முதலாவது வோங் கார் வாய் 1997இல் எடுத்த 'ஹாப்பி டுகெதர்'. ஹாங்காங்கிலிருந்து அர்ஜென்டினாவுக்கு வந்த இரண்டு ஆண் காதலர்கள் இகுவாசு அருவியைப் பார்க்கக் கிளம்பி, வழி தவறி, சண்டை போட்டுப் பிரிகிறார்கள். அதுவரை கருப்பு வெள்ளையில் இருந்த திரை அருவிக்கு மேலே போகும்போது வண்ணத்துக்கு மாறுகிறது. பச்சையும் நீலமுமாக நீர் சுழன்று விழ, வெலோசோ பாடுகிறார். அவ்வளவு பெரிய அருவியின் மேல் அவ்வளவு சின்னக் குரல்.

இரண்டாவது பெட்ரோ அல்மோதோவரின் 'டாக் டு ஹெர்', 2002. இதில் வெலோசோவே வருகிறார். இரவு, ஒரு வீட்டு முற்றம், நாற்காலி போட்டு விருந்தினர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள், அவர் பாடுகிறார். கேட்டுக்கொண்டிருக்கும் நாயகன் மார்கோவுக்குக் கண் கலங்குகிறது, எழுந்து தள்ளிப் போய்விடுகிறான். ஒரு பாட்டைக் கேட்டு ஆண் ஒருவன் அழுவதை இவ்வளவு இயல்பாக நான் வேறு படத்தில் பார்த்ததில்லை.

மூன்றாவது பாரி ஜென்கின்ஸின் 'மூன்லைட்', 2016. சிறந்த படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. வளர்ந்துவிட்ட நாயகன் பல வருடங்களுக்குப் பிறகு பழைய நண்பனைப் பார்க்க மயாமிக்குக் கார் ஓட்டிப்போகும் இடத்தில் பாட்டு வருகிறது. வோங் கார் வாய்க்கு ஜென்கின்ஸ் செய்த மரியாதை அது.

மூன்றிலும் பாட்டின் கதை யாருக்கும் விளக்கப்படுவதில்லை. ஆனால் மூன்றிலும் யாரோ ஒருவர் மனத்தில் ஒரு வீட்டின் கதவு மூடாமல் கிடக்கிறது.

இசைநாடகப் பாடகர்கள் பாடியது உண்டா?

பெரு நாட்டு டெனர், அதாவது உச்சக் குரல் ஆண் பாடகர், ஹுவான் தியேகோ ஃப்ளோரெஸ் பாடுவார். கச்சேரி முடிந்து கைதட்டல் ஓயாதபோது கித்தாரோடு மேடைக்கு வந்து, தானே வாசித்துக்கொண்டு பாடுவது அவர் வழக்கம். 'கூ'வை ஒரே மூச்சில் எவ்வளவு நேரம் பிடிக்கிறார் என்று கூட்டமே அடக்கிய மூச்சோடு பார்த்துக்கொண்டிருக்கும். வித்தை காட்டல் என்று சிலர் சொல்கிறார்கள். வாஸ்தேகாவில் ஆரம்பத்திலிருந்தே இந்த வித்தை பாட்டின் பாகம்தான் என்பதால் எனக்கு அது உறுத்தவில்லை.

வெலோசோ பாடியது மூலப்பாட்டைக் கெடுத்துவிட்டது என்று ஒரு மெக்சிகோ நண்பர் சொன்னார். உங்கள் கருத்து?

அவர் மனம் எனக்குப் புரிகிறது. ட்ரம்பெட்டும் வாபாங்கோ தாளமும் அவர் வீட்டுக் கல்யாணத்திலும் சாவிலும் கேட்டவை. அவற்றை எடுத்துவிட்டு உலகமே 'ஆகா' என்றால் வலிக்கத்தான் செய்யும். தங்கள் பாட்டை உலகம் ஒரு பிரேசில்காரரின் பாட்டாக நினைத்துக்கொள்கிறதே என்ற வருத்தம் நியாயமானது. அதனால்தான் யாருக்கு அனுப்பினாலும் மெண்டெஸின் பெயரைச் சேர்த்தே அனுப்புகிறேன்.

ஆனாலும் கெடுத்துவிட்டார் என்பதை ஒப்புக்கொள்ள மாட்டேன். 'சொல்கிறார்கள்' என்று தொடங்கும் கதையை ஒவ்வொருவரும் தன் வாயால்தான் சொல்ல முடியும். ஒரே துக்கத்தை ஒரு அத்தை வாசலில் மாரடித்துச் சொல்வாள், இன்னொரு அத்தை அடுப்படியில் வெங்காயம் அரிந்துகொண்டே சொல்வாள். இரண்டாமவளுக்குத் துக்கம் குறைவு என்று யாரும் சொல்வதில்லை. சொல்லைக்கூட மாற்றாமல் பாடியவரை எப்படிக் குறை சொல்வது?

எனக்குக் குறையாகப் படுவது வேறு வகை. உணவகத்தில் பின்னணிக்கு ஓடவிடுவதற்கென்றே, கதையின் முதல் பாதியை வெட்டிவிட்டுப் பல்லவியை மட்டும் சுற்றிச் சுற்றிப் பாடும் பதிவுகள் இருக்கின்றன. அழுதவன் யாரென்றே தெரியாமல் புறாவிடம் அழாதே என்று சொல்லி என்ன பயன்?

'லா பலோமா', 'பலோமா நேக்ரா', இது, மூன்றும் ஒன்றா?

இல்லை. 'லா பலோமா' 19ஆம் நூற்றாண்டில் செபஸ்தியான் இராதியேர் என்ற ஸ்பானிய இசையமைப்பாளர் எழுதியது. ஹபனேரா என்ற கியூபா நடன நடை. மெக்சிகோவிலும் மிகப் பிரபலம் என்பதால் குழப்பம் வருகிறது. 'பலோமா நேக்ரா' மெண்டெஸ் எழுதியதுதான், ஆனால் வேறு கதை. அதில் புறா என்பது இரவெல்லாம் எங்கோ சுற்றித் திரியும் காதலி. அவளுக்காக விழித்துக் காத்திருப்பவரே தன் வாயால் பாடுகிறார். லோலாவும் பாடியிருக்கிறார், ரான்சேரா பாடகி சாவேலா வர்காஸும் பாடியிருக்கிறார். சாவேலாவின் பதிவைத் தனியாக இருக்கும்போது கேளுங்கள்.

எந்த வரிசையில் கேட்பது?

முதலில் லோலா. மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை, மேலே சொன்ன கதையை மனத்தில் வைத்துக்கொண்டு கேளுங்கள். பிறகு அசேவெஸ் மெஹியா, குரல் முறியும் இடத்துக்காக. அடுத்தது பெலஃபோன்டேயின் கார்னெகி ஹால் பதிவு. கடைசியில் வெலோசோ. அவரை முதலில் கேட்டுவிட்டால் மற்றவர்கள் கத்துவது போலத் தோன்றும், எனக்கு அப்படித்தான் ஆனது. லோலாவிடம் திரும்பி வரச் சில வருடங்கள் பிடித்தன.

எனக்குப் பாட்டு வராது. வீட்டில் பாடிப் பார்க்கலாமா?

தாராளமாக. கதைப் பகுதியின் மெட்டு பேச்சுக்கு நெருக்கமானது, சுருதியைக் குறைத்து எடுத்துக்கொண்டால் யாருக்கும் வரும். பல்லவிதான் ஏறும். 'கூ'வுக்கு முன்னால் மூச்சை நிறைய இழுக்காதீர்கள், குரல் விறைத்துவிடும். உதட்டைக் குவித்து, ஊதுவது போல ஆரம்பித்து, குரல் எங்கே முறிய வேண்டுமோ அங்கே முறிய விடுங்கள். நாக்கு உருளும் அந்த 'ரு' முதலில் வராது. குளியலறையில் ஒரு வாரம் சொல்லிப் பாருங்கள், வந்துவிடும். எங்கள் வீட்டு ஜன்னல் தகரத்தில் வந்து உட்காரும் மாடப்புறா ஒன்று, நான் பழகும்போது கழுத்தைச் சாய்த்து இரண்டு நொடி பார்த்துவிட்டு, மறுபடி தானியத்தைக் கொத்தத் தொடங்கிவிடும்.